உயரப் பறக்கும் உளவு விமானங்களின் மின்னணுக் கவசம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அமெரிக்காவின் உளவு விமானங்களான யு-2, எஸ்ஆர்-71 பற்றிப் பேச்சு வந்தாலே திரும்பத் திரும்ப அதே சந்தேகங்கள் வருகின்றன. கேமராவைப் பற்றி எல்லோருக்கும் கொஞ்சம் தெரியும், வேகத்தைப் பற்றியும் தெரியும். ஆனால் அந்த விமானங்களை உயிரோடு திரும்பக் கொண்டுவந்த பெட்டிகளைப் பற்றி, அதாவது எச்சரிக்கைக் கருவிகள், ஜாமர்கள் பற்றித் தமிழில் படிக்க அதிகம் கிடைப்பதில்லை. அதனால் கேள்விகளைக் கேட்டவர்கள் கேட்ட மாதிரியே வைத்துப் பதில் எழுதியிருக்கிறேன். வரிசையாகப் படித்தால் நல்லது, பின்னால் வரும் பதில்கள் முன்னால் உள்ளவற்றை நம்பித்தான் நிற்கின்றன.

70,000 அடி உயரத்துல பறக்குற விமானத்துக்குப் பாதுகாப்புக் கருவி எதுக்கு? அந்த உயரமே போதாதா?

போதும் என்றுதான் 1955-ல் யு-2 முதன்முதலாகப் பறந்தபோது நினைத்தார்கள். சோவியத் ரேடார்களால் அந்த உயரத்தில் பார்க்கவே முடியாது என்றொரு நம்பிக்கை. 1956 ஜூலையில் சோவியத் யூனியன் மீது பறக்கத் தொடங்கிய முதல் சில நாட்களிலேயே அது உடைந்துபோனது. ரேடார்கள் விமானத்தைப் பார்த்தன, பின்தொடர்ந்தன, போர் விமானங்கள் கீழிருந்து எட்டிப் பிடிக்க முயன்று தோற்றன. ஆக, உயரம் காப்பாற்றியது உண்மை, ஆனால் மறைக்கவில்லை.

அந்த உயரத்தை எட்டும் சோவியத்தின் எஸ்-75 ஏவுகணை வந்ததும் கதை மாறியது. 1959 அக்டோபர் 7-ல் தைவானின் ஆர்பி-57டி உளவு விமானம் ஒன்று பெய்ஜிங் அருகே எஸ்-75-ஆல் வீழ்ந்தது. தரையிலிருந்து வானுக்குப் பாயும் ஏவுகணை ஒரு விமானத்தை வீழ்த்தியது வரலாற்றில் அதுவே முதல் தடவை. அடுத்த ஆண்டு மே 1-ல் சோவியத்தின் ஸ்வெர்ட்லாவ்ஸ்க் நகருக்கு அருகே அமெரிக்க விமானி கேரி பவர்ஸ் ஓட்டிய யு-2 வீழ்ந்தது. உலகம் நினைவில் வைத்திருப்பது இரண்டாவதைத்தான், ஆனால் உயரம் மட்டும் போதாது என்ற பாடத்தை முதலாவதே சொல்லிவிட்டது.

சரி, பாதுகாப்புக் கருவின்னா என்ன? வர்ற ஏவுகணையைச் சுட்டுத் தள்ளுமா?

இல்லை. இந்த விமானங்களில் எதையும் சுடும் ஆயுதம் கிடையாது. உள்ளே இருப்பவை பெரும்பாலும் இரண்டு வகை. ஒன்று கேட்கும் கருவி: எந்த ரேடார், எந்தத் திசையிலிருந்து, என்ன நோக்கத்தோடு நம்மைப் பார்க்கிறது என்று சொல்வது. மற்றது பேசும் கருவி: அந்த ரேடாருக்குத் தவறான பதிலைத் திருப்பி அனுப்புவது, அதுதான் ஜாமர்.

இவை இரண்டுக்கும் முன்னால் ஒன்று இருக்கிறது, அது பெட்டியே இல்லை, பயணத் திட்டம். எந்த ஏவுகணைத் தளம் எங்கே இருக்கிறது என்று தெரிந்து, அதன் எல்லைக்கு வெளியே வளைந்து போகும் பாதையை முந்தைய நாளே வரைவது. தப்பிப்பின் பெரும்பகுதி அங்கேதான் நடந்துவிடுகிறது. வரைபடத்தில் இல்லாத தளம் ஒன்று முளைத்தால்தான் மற்ற இரண்டும் வேலைக்கு வரும்.

ரேடார் தன்னைப் பார்க்குதுன்னு விமானத்துக்கு எப்படித் தெரியும்?

இருட்டில் டார்ச் அடித்துத் தேடுபவனுக்கு நாம் தெரிவதற்கு முன்பே அவனுடைய வெளிச்சம் நமக்குத் தெரிந்துவிடும். ரேடாரும் அப்படியே. அது அனுப்பும் அலை விமானம் வரை வந்து, பட்டு, திரும்பவும் தரைக்குப் போக வேண்டும். விமானமோ வரும் அலையை மட்டும் பிடித்தால் போதும், பாதி வழி. அதனால் எச்சரிக்கைக் கருவிக்கு எப்போதுமே ஒரு முன்னிலை உண்டு.

ஆனால் யாரோ பார்க்கிறார்கள் என்பது மட்டும் பயனில்லாத செய்தி. 21 கிலோமீட்டர் உயரத்தில் இருந்தால் சுமார் 600 கிலோமீட்டர் தூரத்துக்குள் உள்ள தரை ரேடார்கள் எல்லாமே நேர்க்கோட்டில் இருக்கின்றன, அத்தனையும் காதில் விழும். உயரத்துக்குக் கொடுக்கும் விலை இது. தாழப் பறக்கும் விமானத்துக்கு மலையும் பூமியின் வளைவும் மறைப்பு தரும், இங்கே அது சுத்தமாக இல்லை. அதனால் கருவி ஒவ்வொரு அலையின் அலைவரிசை, துடிப்புகளுக்கு நடுவிலான இடைவெளி, கற்றை வருடும் முறை ஆகியவற்றை வைத்து இது சும்மா தேடும் ரேடார், இது குறிவைக்கும் ரேடார் என்று பிரிக்க வேண்டும். எஸ்-75 போன்ற அமைப்பில் மூன்று படிகள் உண்டு: தூரத்துத் தேடல் ரேடார் பார்க்கும், பிறகு குறிவைக்கும் ரேடார் பற்றிக்கொள்ளும், கடைசியாக ஏவுகணைக்குத் தரையிலிருந்து வானொலிக் கட்டளை போகத் தொடங்கும். மூன்றாவது கேட்டால் ஏவுகணை கிளம்பிவிட்டது என்று அர்த்தம்.

பவர்ஸ் விமானத்துல இதெல்லாம் இல்லையா?

அவர் விமானத்தின் வால் பகுதியில் ஒரு ஜாமர் இருந்தது. ஆனால் அது பின்னால் துரத்தி வரும் போர் விமானத்தின் ரேடாரைக் குழப்புவதற்கானது, தரையிலிருந்து வரும் எஸ்-75-க்கு அதனால் ஒன்றும் ஆகாது. ஏவுகணை ரேடார் குறிவைப்பதைச் சொல்லும் எச்சரிக்கைக் கருவி யு-2-க்கு அதன் பிறகுதான் வந்தது, சிஸ்டம் 12 என்று பெயர். ஏவுகணை ரேடாரை ஏமாற்றும் சிஸ்டம் 13 அதற்கும் பின்னால்.

அன்று நடந்த இன்னொன்றையும் சொல்ல வேண்டும். சோவியத் ஏவுகணைகள் பவர்ஸை மட்டுமல்ல, அவரைப் பிடிக்கக் கிளம்பிய தங்களுடைய மிக்-19 ஒன்றையும் வீழ்த்தின, அதன் விமானி இறந்தார். பவர்ஸ் உயிர் தப்பிச் சிறைக்குப் போய், 1962 பிப்ரவரியில் கைதிப் பரிமாற்றத்தில் வீடு திரும்பினார்.

ஜாமர்னா சத்தம் கிளப்பி ரேடாரைச் செவிடாக்குறது தானே?

அது ஒரு வகை, இரைச்சல் ஜாமர். எளியது, ஆனால் மின்சாரத்தை விழுங்கும், அதோடு நான் இங்கே இருக்கிறேன் என்று திசையைக் காட்டிக் கொடுத்தும் விடும். எடையும் மின்சாரமும் அளவாகவே உள்ள உளவு விமானத்துக்கு ஏமாற்று ஜாமர்தான் பொருத்தம். ரேடாரின் துடிப்பைப் பிடித்து, அதே மாதிரி ஒன்றைச் சற்று மாற்றித் திருப்பி அனுப்புவது அது.

தூரத்தை எப்படி ஏமாற்றுகிறார்கள் என்று பார்ப்போம். குறிவைத்த ரேடார் வானம் முழுவதையும் கவனித்துக்கொண்டிருக்காது, துடிப்பை அனுப்பிய பின் குறிப்பிட்ட நேரத்தில் வரும் எதிரொலியை மட்டும் ஒரு சின்ன நேரச் சாளரத்தில் பார்க்கும். ஜாமர் முதலில் உண்மையான எதிரொலியோடு சேர்ந்தாற்போல் பலமான போலி ஒன்றை அனுப்பும், சாளரம் பலமானதைப் பற்றிக்கொள்ளும். பிறகு போலியை ஒவ்வொரு துடிப்புக்கும் கொஞ்சம் கொஞ்சமாகத் தாமதப்படுத்தும். ஒரு மைக்ரோவினாடி தாமதம் என்றால் ரேடார் கணக்கில் 150 மீட்டர் தள்ளிப்போனதாக அர்த்தம். சாளரம் போலியின் பின்னாலேயே போய்விடும், அப்புறம் ஜாமர் சட்டென்று நிறுத்தினால் சாளரத்துக்குள் எதுவுமே இருக்காது. ரேடார் மறுபடி முதலிலிருந்து தேட வேண்டும்.

ஆனால் எஸ்-75 விஷயத்தில் கோணம்தான் முக்கியம், ஏனென்றால் அதன் அடிப்படை வழிகாட்டும் முறையில், ரேடார், ஏவுகணை, விமானம் மூன்றையும் ஒரே கோட்டில் வைத்திருந்தாலே போதும், தூரம் சரியாகத் தெரியாவிட்டாலும் கதை நடக்கும். கோணத்தை ஏமாற்ற, ரேடார் கற்றை விமானத்தின் மேல் நேராகப் படும்போது ஜாமர் அடக்கி வாசிக்கும், ஓரமாகப் படும்போது பலமாகப் பதில் சொல்லும். கற்றையின் நடு எது என்பதில் ரேடாருக்குக் குழப்பம் வரும். இதை முறியடிக்க, ரேடார் பக்கத்தவர்கள் அனுப்பும் கற்றையை அசைக்காமல் வைத்துவிட்டு வாங்கும் பக்கத்தை மட்டும் வருட வைத்தார்கள், அப்போது எந்த நொடியில் ஓரம் என்று ஜாமருக்குத் தெரியாது. இந்தத் துறை முழுக்க இப்படித்தான், ஒரு தந்திரத்துக்கு ஒரு பதில், அந்தப் பதிலுக்கு ஒரு தந்திரம்.

ஒரு சின்னப் பெட்டி, தரையில இருக்கிற ராட்சச ரேடாரை எப்படி ஜெயிக்கும்?

மேலே சொன்ன அந்தப் பாதி வழிக் கணக்குத்தான் மறுபடியும். ரேடாரின் அலை போய்த் திரும்பி வருவதற்குள் தூரத்தின் நான்காம் அடுக்கில் பலமிழக்கிறது. ஜாமரின் அலை ஒருவழிதான், தூரத்தின் இரண்டாம் அடுக்கில்தான் பலமிழக்கும். அதனால் தூரத்தில் இருக்கும்போது சின்ன ஜாமரே ஜெயிக்கும்.

கிட்டே போகப்போக நிலைமை தலைகீழாகிறது. தூரம் பாதியானால் ஜாமரின் பலம் 4 மடங்கு ஏறும், ஆனால் எதிரொலி 16 மடங்கு ஏறும். ஏதோ ஒரு தூரத்தில் எதிரொலி ஜாமரின் இரைச்சலைக் கிழித்துக்கொண்டு வெளியே வந்துவிடும். ஏவுகணைத் தளத்தின் தலைக்கு நேர் மேலே பறந்துகொண்டு ஜாமரை மட்டும் நம்புவது ஏன் ஆபத்து என்பதற்கு இதுவே காரணம்.

எச்சரிக்கை விளக்கு எரிஞ்சதும் விமானி என்ன பண்ணுவார்? சட்டுன்னு திருப்பி டைவ் அடிப்பாரா?

யு-2-வில் அது நடக்காது. அந்த உயரத்தில் மிக மெதுவாகப் போனால் இறக்கை தாங்கும் விசையை இழந்துவிடும், கொஞ்சம் வேகமாகப் போனால் அதிர்வு வந்து உடல் உடைந்துபோகும், இந்த இரண்டுக்கும் நடுவில் மணிக்கு 20 கிலோமீட்டர்கூட இடைவெளி இல்லாத நேரங்கள் உண்டு. இதற்குள்தான் திரும்ப வேண்டும். ஆகவே முன்கூட்டியே எச்சரிக்கை கிடைத்து, நிதானமாக விலகிப் போவதுதான் யு-2-வின் தப்பிக்கும் முறை.

எஸ்ஆர்-71-லும் கூர்மையாகத் திரும்ப முடியாது, மாக் 3-ல், அதாவது ஒலியைப் போல் மூன்று மடங்கு வேகத்தில், அதன் திருப்பத்துக்கு நூறு கிலோமீட்டருக்கும் மேல் ஆரம் தேவைப்படும். அங்கே செய்வது வேகத்தையும் உயரத்தையும் இன்னும் கொஞ்சம் கூட்டுவதும், பாதையைச் சற்றே வளைப்பதும்தான். ஜாமர்களைப் பின்னிருக்கையில் இருப்பவர் கவனித்துக்கொள்வார், முன்னால் இருப்பவருக்கு இன்ஜினைக் கவனிப்பதே முழுநேர வேலை. யு-2 விமானிக்கு அந்த வசதியும் இல்லை, எல்லாம் ஒருவரே.

எஸ்ஆர்-71 தப்பிச்சது வேகத்தாலயா, ஜாமராலயா? தெளிவா ஒரு பதில் சொல்லுங்க.

இரண்டும் சேர்ந்த கணக்கால்தான், இரண்டையும் பிரித்தால் பதிலே தப்பாகிவிடும். 40 கிலோமீட்டர் எட்டும் ஏவுகணைத் தளம் ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். 25 கிலோமீட்டர் உயரத்தில் அதன் வட்டம் சுருங்கி, குறுக்கே சுமார் 62 கிலோமீட்டர்தான் இருக்கும். வினாடிக்கு ஏறத்தாழ 0.95 கிலோமீட்டர் போகும் எஸ்ஆர்-71 அதை ஒரு நிமிடம் சொச்சத்தில் கடந்துவிடும். யு-2-வுக்கு ஐந்து நிமிடத்துக்கும் மேலாகும். அந்த ஒரு நிமிடத்துக்குள் ரேடார் பற்ற வேண்டும், ஏவ வேண்டும், ஏவுகணை ஏற வேண்டும், அதுவும் விமானம் இப்போது இருக்கும் இடத்துக்கு அல்ல, பல பத்து கிலோமீட்டர் முன்னால் உள்ள ஒரு புள்ளிக்கு. ஜாமர் சில வினாடிகள் குழப்பினாலே போதும், அந்தப் புள்ளி எங்கோ போய்விடும். அதோடு அங்குள்ள மெல்லிய காற்றில் ஏவுகணையின் சின்னச் சிறகுகளுக்குப் பிடிப்பில்லை, கடைசி நேரத்தில் பாதையைத் திருத்த முடியாது. அதே ஜாமரை மெதுவான விமானத்தில் வைத்தால் ரேடாருக்கு மறுபடி பற்றிக்கொள்ள நேரம் கிடைக்கும்.

ஆபத்தே இல்லை என்று நினைத்துவிடக் கூடாது. எஸ்ஆர்-71-க்கு அண்ணனான ஏ-12 மீது 1967 அக்டோபர் 30-ல் வட வியட்நாமில் குறைந்தது ஆறு ஏவுகணைகள் பாய்ந்தன. தரையிறங்கிய பின் இறக்கையின் அடியில் ஓர் உலோகத் துண்டு சொருகியிருந்தது. 1981 ஆகஸ்டில் வட கொரியா எஸ்ஆர்-71 மீது ஏவியது, தவறிப்போனது. இணையத்தில் ஆயிரக்கணக்கான ஏவுகணைகள் என்றெல்லாம் எண்கள் சுற்றுகின்றன, அவற்றைப் பெரிதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். உறுதியானது இது: 32 எஸ்ஆர்-71-களில் 12 விபத்தில் போயின, எதிரித் தாக்குதலில் ஒன்றுகூடப் போகவில்லை.

எதிரி ரேடாரையே போடாம காத்திருந்து, கடைசி நிமிஷத்துல போட்டா என்ன பண்ணுவீங்க?

இதைச் சீனா உண்மையாகவே செய்தது. தைவானின் கருப்புப் பூனைப் படைப்பிரிவு தைவானிலுள்ள தாவ்யுவானிலிருந்து யு-2-களைச் சீனப் பெருநிலத்தின் மேல் பறக்கவிட்டது. முதல் விமானம் 1962 செப்டம்பர் 9-ல் வீழ்ந்தது. அதன் பிறகு எச்சரிக்கைக் கருவியோடு வந்த யு-2-கள், குறிவைக்கும் ரேடாரைப் போட்டதுமே திரும்பிப் போய்விட்டன. தரையில் இருந்தவர்கள் யோசித்து, வேறு அலைவரிசை ரேடாரால் விமானத்தைத் தொடர்ந்துகொண்டே இருந்து, அது 40 கிலோமீட்டருக்குள் வந்த பிறகே குறிவைக்கும் ரேடாரைப் போட்டு, சில வினாடிகளில் ஏவக் கற்றுக்கொண்டார்கள். நிமிடக்கணக்கில் செய்த வேலையை வினாடிகளுக்குச் சுருக்கியது கருவியால் அல்ல, இடைவிடாத பயிற்சியால். 1963 நவம்பர் 1-ல் இரண்டாவது யு-2 விழுந்தது. எச்சரிக்கை கேட்கும்போது திரும்ப நேரமில்லை, முன்பு சொன்ன காரணத்தால் கூர்மையாகத் திரும்பவும் முடியாது.

அப்புறம் உடைந்த விமானத்திலிருந்து கருவிகள் அவர்கள் கைக்குப் போயின, கருவி எதைக் கேட்கிறது என்று தெரிந்தால் எதைக் கேட்காது என்றும் தெரிந்துவிடும். 1964, 1965, கடைசியாக 1967 செப்டம்பர் 8 என்று மொத்தம் ஐந்து யு-2-கள் ஏவுகணைக்குப் பலியாயின, கடைசியை வீழ்த்தியது சீனாவே தயாரித்த ஹோங்சி-2. பெருநிலத்தின் மேல் பறப்பது அடுத்த ஆண்டோடு நின்றது. என் பார்வையில் இந்தத் துறையில் ஒருவர் படிக்க வேண்டிய ஒரே ஒரு வரலாறு உண்டென்றால் இதுதான், எஸ்ஆர்-71 அல்ல.

எதிரி ஏவுகணையோட ரகசிய சிக்னல் இவங்களுக்கு எப்படித் தெரிஞ்சுது?

கேட்டுத்தான். அதிலும் ஏவுகணை வெடிக்கும் கடைசிக் கண சிக்னல், அதாவது இலக்கு பக்கத்தில் வந்துவிட்டது என்று உணரும் ஃப்யூஸின் சிக்னல், ஏவுகணை பக்கத்தில் வந்தால்தான் கேட்கும். அதற்காக ஆளில்லாத ரயான் ட்ரோன்களை வட வியட்நாம் மேல் வேண்டுமென்றே அனுப்பினார்கள். 1966 பிப்ரவரி 13-ல் ஒரு ட்ரோன், தன்னைக் குறிவைத்த ரேடார், கட்டளை, ஃப்யூஸ் எல்லாவற்றையும் தூரத்தில் பறந்த ஆர்பி-47எச் விமானத்துக்கு அனுப்பிக்கொண்டே போய் அழிந்தது. ஒரு ட்ரோனின் கடைசி நிமிடங்களில் கிடைத்த அந்தப் பதிவுதான் பிறகு வந்த எச்சரிக்கைக் கருவிகளுக்கும் ஜாமர்களுக்கும் அடித்தளம்.

ரேடார்ல படாத மாதிரியே கட்டிட்டா ஜாமரே வேண்டாமே?

யு-2-வில் அதை 1956-லிருந்தே முயன்றார்கள். உடலைச் சுற்றிக் கம்பிகள், அலையை உறிஞ்சும் பூச்சு என்று ஒட்டிப் பார்த்தார்கள், ரெயின்போ திட்டம் என்று பெயர். பூச்சு வெப்பத்தை வெளியே விடாமல் அடைத்தது, உயரமும் குறைந்தது. 1957 ஏப்ரலில் சோதனையில் ஒரு விமானம் விழுந்து விமானி இறந்தார். பிறகு ஏ-12-ஐ வரையும்போதே விளிம்புகளின் வடிவம், உள்பக்கம் சாய்ந்த வால், இறக்கை ஓரங்களில் உலோகமல்லாத ஆப்புகள், புகையின் எதிரொலியைக் குறைக்க எரிபொருளில் சீசியம் கலந்த பொருள் என்று சேர்த்தே வடிவமைத்தார்கள்.

ஆனால் இது ஜாமருக்கு மாற்று அல்ல, துணை. எதிரொலி பத்தில் ஒரு பங்கானால் அதை மூடி மறைக்கத் தேவையான ஜாமர் பலமும் பத்தில் ஒரு பங்கு போதும். முன்பு சொன்ன கிழித்துக்கொண்டு வரும் தூரமும் உள்ளே தள்ளிப்போகும்.

சாஃப், ஃப்ளேர் போடலாமே?

சாஃப் என்பது உலோகத் துகள் மேகம், வெளியே விட்ட கணமே அது நின்றுவிடும், விமானமோ மாக் 3-ல் போய்க்கொண்டிருக்கும். இரண்டின் வேகமும் வேறு என்று ரேடாருக்கு உடனே தெரிந்துவிடும். ஃப்ளேர் வெப்பம் தேடும் ஏவுகணைக்கானது, இந்த உயரத்துக்குப் பெரிய அச்சுறுத்தல் ரேடாரால் வழிகாட்டப்படுபவைதான்.

அந்த உயரத்துல கருவியை வைக்கிறதுல என்ன பெரிய கஷ்டம்?

நிறைய, ஆனால் யாரும் பேசுவதில்லை. 21 கிலோமீட்டரில் காற்றழுத்தம் கடல் மட்டத்தின் 20-ல் ஒரு பங்குதான். ஜாமரின் உள்ளே ஆயிரக்கணக்கான வோல்ட் ஓடுகிறது, இவ்வளவு குறைந்த அழுத்தத்தில் மின்சாரம் எளிதாகக் காற்றில் தாவிப் பொறி பறக்கும். அதனால் பெட்டியை அழுத்தமேற்றி மூட வேண்டும். மூடினால் வெப்பம் வெளியேற வழியில்லை, வெளியே காற்று மெல்லியது, விசிறி வைத்தும் பயனில்லை. எஸ்ஆர்-71-ல் இன்னும் மோசம், தோலே 250 டிகிரி செல்சியஸைத் தாண்டிக் கொதிக்கும், எரிபொருளையே வெப்பம் வாங்கும் தொட்டியாகப் பயன்படுத்தினார்கள். ஆண்டெனாவை மூடும் உறையும் அந்தச் சூட்டைத் தாங்கி, அதே நேரம் அலையைத் தடுக்காமல் இருக்க வேண்டும்.

எடை தனிக் கதை. யு-2-வில் ஒரு பவுண்டு கூடினால் ஓர் அடி உயரம் போகும் என்பது அந்தக் காலத்துக் கணக்கு. பாதுகாப்புப் பெட்டி வைத்தால் பாதுகாப்பான உயரம் குறைகிறது, எதைக் கூட்டி எதைக் குறைப்பது என்பதில்தான் பொறியாளர்களின் சண்டை முழுக்க.

ஜாமர் போட்டா, விமானத்துல இருக்கிற ஒட்டுக்கேட்கும் கருவியும் கெட்டுப்போகாதா?

கெடும். ஜாமர் பேசும் அந்த மைக்ரோவினாடிகளில் கேட்கும் கருவிகளைக் காதை மூட வைத்துப் பிறகு திறந்துவிடும் ஏற்பாடு உண்டு. இன்னொரு கவலையும் உண்டு: ஜாமரைப் போட்ட ஒவ்வொரு தடவையும் அது எப்படி வேலை செய்கிறது என்று எதிரி பதிவு செய்துகொள்வான்.

மிக்-25 உளவு விமானத்துக்கும் இப்படித்தானா?

அடிப்படை ஒன்றே. 1971-ல் எகிப்திலிருந்து சோவியத் விமானிகள் ஓட்டிய மிக்-25ஆர்-கள் சினாய் மேல் பறந்தபோது இஸ்ரேலின் ஃபேன்டம் போர் விமானங்களால் எட்டவே முடியவில்லை. இந்திய விமானப்படையும் 1981 முதல் 2006 வரை பரேலியிலிருந்து 102-வது ஸ்க்வாட்ரனில் இதை வைத்திருந்தது. ஆனால் வேகமும் உயரமும் எப்போதும் காக்காது, 1982-ல் லெபனான் மேல் சிரிய மிக்-25ஆர் ஒன்றை இஸ்ரேல் ஹாக் ஏவுகணையால் காயப்படுத்தி, எஃப்-15 போர் விமானத்தால் முடித்தது.

இப்போ எஸ்-300 மாதிரி புது ஏவுகணை அமைப்புகள் வந்துட்ட பிறகு இதெல்லாம் உதவுமா?

தலைக்கு மேல் பறக்க உதவாது, நேராகவே சொல்லிவிடலாம். இன்றைய ரேடார்கள் கற்றையை மின்னணு முறையில் நொடிக்குள் திருப்புகின்றன, துடிப்புக்குத் துடிப்பு அலைவரிசை மாற்றுகின்றன, ஏவுகணைகள் நூறு கிலோமீட்டருக்கு மேல் எட்டுகின்றன. பழைய ஜாமர் ஒரே மாதிரியான துடிப்பை எதிர்பார்த்தது, இங்கே எதிர்பார்க்க ஒன்றும் இல்லை. அதனால் வந்த அலையை டிஜிட்டலாகப் பதிவு செய்து உடனே மாற்றித் திருப்பும் கருவிகள் வந்தன. யு-2-வில் இப்போது இருப்பது ஏஎல்கியூ-221, எச்சரிக்கையும் ஜாமரும் ஒரே அமைப்பில். சில விமானங்களில் கேபிளில் கட்டி இழுத்துப்போகும் போலி இலக்கும் உண்டு, ஏவுகணை பலமான எதிரொலியைத் தேடிப் போலியிடம் போகட்டும் என்று.

இதோடு பறக்கும் முறையும் மாறியிருக்கிறது. எல்லைக்கு வெளியே நின்று, கேமராவையும் ரேடாரையும் சாய்வாக உள்ளே பார்க்க வைக்கிறார்கள். அதுவும் முழுப் பாதுகாப்பல்ல: 2019 ஜூன் 20-ல் ஹோர்முஸ் நீரிணைக்கு மேல் பறந்த அமெரிக்காவின் ஆளில்லா குளோபல் ஹாக் ஒன்றை ஈரான் ஏவுகணையால் வீழ்த்தியது. சர்வதேச வான்பரப்பில் இருந்தது என்றது அமெரிக்கா, எங்கள் வான்பரப்பு என்றது ஈரான். உள்ளே விமானி இல்லாததால் பவர்ஸ் மாதிரி யாரும் சிறைக்குப் போகவில்லை.